கிளினிக்கில் சொன்னது வீடு போய்ச் சேர: நோயாளிகளோடும் ஊரோடும் கதைப்பதற்கு ஒரு முழுமையான வழிகாட்டி

திருகோணமலையில் திருக்கடலூர்ப் பக்கத்திலிருந்து ஒரு வயதான ஐயா முட்டு (மூச்சிழுப்பு) வருத்தத்துக்காகக் கிளினிக்குக்கு வந்துகொண்டிருந்தார். கடலில் காய்ந்த உடம்பு, அதிகம் பேசாத மனிதர். கருவியில் போட்டு உள்ளிழுக்கிற கப்சியூல்களை ஒரு மாதத்துக்குக் கொடுத்து, எப்படிப் பாவிப்பது என்று நானே சொல்லி அனுப்பினேன். "விளங்கினதா ஐயா?" என்றேன். "ஓம் மிஸ்" என்றார். அடுத்த மாதம் வரும்போது முட்டு முன்னையைவிட மோசம். டொக்டர் மருந்தைக் கூட்டி எழுதப்போன நேரத்தில், "ஐயா, இதை எப்பிடிப் பாவிக்கிறீங்கள்?" என்று சும்மா ஒரு பேச்சுக்குக் கேட்டேன். "காலமையும் பின்னேரமும் தண்ணியோட விழுங்குறன் மிஸ். அந்த பிளாஸ்டிக் சாமான் உடைஞ்சிடும் எண்டு அலுமாரிக்குள்ள பத்திரமா வைச்சிருக்கிறன்" என்றார்.

அவர் மேல் ஒரு பிழையும் இல்லை. வாயால் சொன்னேனே தவிர, செய்து காட்டவில்லை. அவரைச் செய்து காட்டச் சொல்லவும் இல்லை. பின்னால் வரிசை நீளமாக நின்றது. அவர் "ஓம்" என்றதும் எனக்கு நிம்மதி. அந்த நிம்மதியைச் சந்தேகிக்கத் தொடங்கிய பிறகு கற்றுக்கொண்டவைதான் இங்கே இருப்பவை. மிட்வைஃப், நேர்ஸ், பாமசியில் நிற்பவர், பி.எச்.ஐ. (பொதுச் சுகாதாரப் பரிசோதகர்), ஊரில் சுகாதார வேலை செய்யும் தொண்டர், கோயில் பள்ளி நிர்வாகத்தில் இருப்பவர் என்று யாருக்கும் பயன்படும். அம்மாவையோ வாப்பாவையோ கிளினிக்குக்குக் கூட்டிப்போகிறவர்களுக்குக் கடைசிப் படிக்கு முன்னால் ஒரு பகுதி இருக்கிறது.

தொடங்க முன்னர் ஒரு விளக்கம். சுகாதார எழுத்தறிவு என்பது வாசிக்கத் தெரிவது மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். டொன் நட்பீம் என்ற பொதுச் சுகாதார அறிஞர் 2000இல் இதை மூன்று படிகளாகப் பிரித்துச் சொன்னார். மருந்து உறையை வாசித்து விளங்குவது முதற்படி. டொக்டரிடம் கேள்வி கேட்டு, கிடைத்த பதிலைத் தன் வாழ்க்கைக்கு ஏற்ப மாற்றிக்கொள்வது இரண்டாவது. கேட்கிற செய்தி உண்மையா, யார் சொல்கிறார்கள், ஏன் சொல்கிறார்கள் என்று நிறுத்துப் பார்ப்பது மூன்றாவது. ஏ.எல். படித்த ஒருவர் முதற்படியில் உறுதியாக நின்றுகொண்டு, வாட்ஸ்அப்பில் வந்த குரற்பதிவை நம்பித் தன் பிரஷர் குளிசையை நிறுத்துவதைக் கண்டிருக்கிறேன். எழுத வாசிக்கத் தெரியாத ஒரு அம்மா, பேரப்பிள்ளையின் தடுப்பூசித் தவணைகளைப் பிசகில்லாமல் நினைவில் வைத்திருந்ததையும் கண்டிருக்கிறேன். ஆளைப் பார்த்து மட்டுக்கட்ட முடியாது. ஆகவே எல்லாரிடமும் எளிமையாகத்தான் கதைக்க வேண்டும். படித்தவர்களும் அதற்காகக் கோபித்துக்கொள்வதில்லை.

மருத்துவர் சொல்வதில் 40 முதல் 80 சதவீதம் வரை நோயாளிக்கு உடனேயே மறந்துபோகிறது என்று ஆய்வுகள் சொல்கின்றன. நினைவில் நிற்பதிலும் கிட்டத்தட்டப் பாதி பிழையாகவே நிற்கிறது. வலி, பயம், பஸ்ஸுக்குப் பிந்துகிறதே என்ற பதற்றம், வீட்டில் தனியே விட்டு வந்த பிள்ளை என்று நோயாளியின் தலைக்குள் இடம் ஏற்கெனவே நிரம்பியிருக்கும்.

படி 1: ஆளின் நாளைக் கேளுங்கள்

மருந்தைப் பற்றி வாய் திறக்க முன், அவருடைய ஒரு நாள் எப்படிப் போகிறது என்று கேளுங்கள். இரண்டு நிமிடம் போதும். "காலைச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒன்று, இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒன்று" என்பது கச்சேரியில், அதாவது அரச அலுவலகத்தில், வேலை செய்பவருக்குப் பொருந்தும். இரவு கடலுக்குப் போய் விடிந்து கரைக்கு வருகிறவருக்கு எது காலைச் சாப்பாடு? தம்பலகாமத்தில் வயலுக்குப் போகிறவர் வெறுந்தேத்தண்ணியோடு விடிய வெளிக்கிட்டால், குளிசையை எதற்குப் பிறகு போடுவது? "எத்தனை மணிக்குச் சாப்பிடுவீங்கள், எங்க சாப்பிடுவீங்கள்?" என்று கேட்டுவிட்டு, அவருடைய நேரத்தில் குளிசையைப் பொருத்துங்கள். பொருந்தாவிட்டால் டொக்டரிடம் சொல்லுங்கள். ஒரு நாளைக்கு ஒரு முறை போடும் மருந்தாக மாற்ற வழி இருக்கலாம்.

"வாசிக்கத் தெரியுமா?" என்று நேரே கேட்கக் கூடாது. வெட்கத்தில் "தெரியும்" என்றுதான் பதில் வரும். "வீட்டில உங்கட மருந்தெல்லாம் ஆர் பார்த்துத் தாறது?" என்று கேட்டால் உண்மை வெளியே வரும். வேறு அடையாளங்களும் உண்டு. "கண்ணாடியை மறந்து வந்திட்டன்", "மகள் வந்து நிரப்பித் தருவா" என்பார்கள். குளிசையைப் பெயரால் சொல்லாமல் நிறத்தால் சொல்வார்கள். இந்த நிற விஷயத்தில் கொஞ்சம் கவனம் தேவை. ஒரே மருந்து இன்னொரு கம்பனியிலிருந்து வந்தால் நிறமும் வடிவமும் மாறிவிடும். "வெள்ளைக் குளிசையை நிறுத்திப்போட்டு மஞ்சளைத் தந்திருக்கினம்" என்று நினைத்து, வீட்டில் மீதமிருக்கும் வெள்ளையையும் சேர்த்துப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். நிறம் மாறினால் அதைச் சொல்லித்தான் கொடுக்க வேண்டும்.

பிள்ளையைக் கூட்டி வருபவர் அம்மம்மாவாக இருந்தால், தாய் எங்கே என்று கேளுங்கள். நமது மாவட்டத்தில் பல தாய்மார் மத்திய கிழக்கில் வேலை செய்கிறார்கள். அங்கிருந்து தொலைபேசியில் தாய் ஒன்று சொல்ல, இங்கே அம்மம்மா இன்னொன்று செய்ய, நடுவில் மருந்து தவறிப்போகும். தேவையென்றால் தாயையும் அந்த நேரமே தொலைபேசியில் எடுத்து ஒரே விளக்கத்தை இரண்டு பேருக்கும் கொடுங்கள்.

படி 2: ஊரின் சொல்லைப் பிடியுங்கள்

அரச துண்டுப்பிரசுரங்களில் "உயர் குருதி அமுக்கம்" என்று இருக்கும். ஊரில் அதற்குப் பெயர் பிரஷர். பிரஷர் என்றே சொல்லுங்கள். தமிழ் ஒன்றும் அழிந்துவிடாது. தமிழ்நாட்டில் அச்சான பிரசுரங்களை அப்படியே எடுத்துக் கொடுப்பதிலும் ஒரு சிக்கல் இருக்கிறது. அங்கே "சர்க்கரை நோய்" என்பதை இங்கே சீனி வருத்தம் என்போம். நமக்குச் சர்க்கரை என்றால் பழுப்பு நிறத்தில் இருக்கும் வேறு ஒரு சாமான். "சீனியைத்தானே நிற்பாட்டச் சொன்னவை" என்று தேத்தண்ணிக்குச் சர்க்கரையும் பனங்கட்டியும் கடித்தவர்களை நான் கணக்கில்லாமல் பார்த்திருக்கிறேன். ஆகவே "சீனி, சர்க்கரை, பனங்கட்டி, தேன் எல்லாம் இரத்தத்தில் சீனியைக் கூட்டும்" என்று நான்கையும் பெயர் சொல்லியே சொல்ல வேண்டும்.

எலிக்காய்ச்சல் என்ற பெயரும் இப்படித்தான் ஆளை ஏமாற்றும். எலி கடித்தால் வருவது என்று நினைத்து, "எங்கட வீட்டில எலி இல்லை" என்று நிம்மதியாக இருப்பார்கள். அது எலியின் சிறுநீர், மாடு எருமையின் சிறுநீர் கலந்த வயல் தண்ணீரிலும் சேற்றிலும் இருந்து, காலில் உள்ள வெடிப்பு, காயம் வழியாக உடம்புக்குள் போகும் கிருமி. வயல் தொடங்கும் காலத்தில் பி.எச்.ஐ. மூலம் கொடுக்கப்படும் டொக்சிசைக்ளின் கப்சியூலைக் கிழமைக்கு ஒரு தடவைதான் போட வேண்டும். தினமும் குளிசை போட்டுப் பழகிய ஊரில் "கிழமைக்கு ஒரு தடவை" என்பது எளிதில் காதில் ஏறாது. "ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும், சாப்பிட்ட பிறகு, நிறையத் தண்ணியோட" என்று ஒரு நாளின் பெயரோடு சேர்த்துச் சொன்னால் ஏறும்.

பரிசோதனை முடிவில் "நெகட்டிவ்" என்றால் சாதாரண மனிதர் காதில் அது கெட்ட செய்தி. "பொசிட்டிவ்" நல்ல செய்தி. "கிருமி இல்லை", "கிருமி இருக்கு" என்றே சொல்லுங்கள். "நோர்மல்" என்பதும் ஆபத்தான சொல். "பிரஷர் நோர்மல்" என்றதும் குளிசையை நிறுத்திவிடுவார்கள். "குளிசை போடுறபடியால்தான் பிரஷர் கட்டுப்பாட்டில இருக்கு. நிற்பாட்டினா திரும்ப ஏறும்" என்பது முழு வாக்கியம். பாதி வாக்கியத்தோடு யாரையும் அனுப்பாதீர்கள்.

"உப்பைக் குறையுங்கள்" என்பதும் பாதி வாக்கியம்தான். எவ்வளவு? உலக சுகாதார அமைப்பு சொல்வது ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவு. அதாவது ஒரு தேக்கரண்டிக்குள். கறியில் போடுவது, சோற்றில் போடுவது, கருவாட்டில், ஊறுகாயில், பக்கெட் நொறுக்குத்தீனியில் ஏற்கெனவே இருப்பது எல்லாம் சேர்ந்துதான் அந்த ஒரு கரண்டி. கருவாடு காயப்போடும் கரையில் நின்றுகொண்டு "கருவாடே சாப்பிடாதீங்கள்" என்று சொல்வது வீண் வேலை. "கிழமையில எத்தனை நாள் சாப்பிடுறீங்கள்? அதைப் பாதியாக்குவமா? சாப்பிடுற அன்றைக்குக் கறிக்கு வேற உப்புப் போடாம விடுவமா?" என்று பேரம் பேசினால் ஏதாவது நடக்கும்.

படி 3: மூன்றுக்கு மேல் சொல்லாதீர்கள்

ஒரு சந்திப்பில் மூன்று விடயம் போதும். என்ன வருத்தம், இப்போது என்ன செய்ய வேண்டும், செய்யாவிட்டால் என்ன ஆகும். மிக முக்கியமானதை முதலில் சொல்லுங்கள். நாம் பெரும்பாலும் வருத்தத்தின் வரலாறு, உடம்பின் அமைப்பு என்று தொடங்கி, செய்ய வேண்டியதைக் கதவருகில் வைத்துச் சொல்கிறோம்.

டெங்குவை எடுத்துக்கொள்ளுங்கள். 2017இல் நாடு முழுவதும் டெங்கு கொடுமையாகப் பரவியபோது கிண்ணியா பட்ட பாடு இங்கே எல்லாருக்கும் நினைவிருக்கும். காய்ச்சலோடு ஓ.பி.டி.க்கு வந்து வீடு திரும்பும் ஒரு தாய்க்கு நுளம்பின் விஞ்ஞானப் பெயர் தேவையில்லை. இந்த மூன்றும் தேவை.

ஒன்று, காய்ச்சலுக்குப் பரசிட்டமோல் மட்டும். பிள்ளையின் நிறைக்கு எவ்வளவு என்று எழுதித் தருவோம். ஆறு மணித்தியாலத்துக்கு ஒரு தடவைக்கு மேல் வேண்டாம். அஸ்பிரின், ஐபுபுரொஃபன், டைக்குளோஃபெனக் எதுவும் கொடுக்கக் கூடாது. அவை இரத்தக் கசிவைக் கூட்டும்.

இரண்டு, காய்ச்சல் தொடங்கி மூன்றாம் நாள் இரத்தப் பரிசோதனை. "மூன்றாம் நாள்" என்று மட்டும் சொன்னால் ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாக எண்ணுவார்கள். காய்ச்சல் எப்போது தொடங்கியது என்று கேட்டு, "வியாழக்கிழமை காலமை வாங்கோ" என்று நாளைச் சொல்லுங்கள். வெருகலிலிருந்தோ ஈச்சிலம்பற்றிலிருந்தோ வருகிறவர் என்றால் அந்தப் பரிசோதனையை வீட்டுக்குக் கிட்ட எங்கே செய்யலாம் என்றும் சொல்லுங்கள். பஸ் காசு இல்லாததால் தவறும் பரிசோதனைகள் நாம் நினைப்பதைவிட அதிகம்.

மூன்று, காய்ச்சல் விட்ட பிறகுதான் ஆபத்துக் காலம். இது எல்லாருடைய பொது அறிவுக்கும் நேர் எதிரானது. காய்ச்சல் விட்டால் சுகம் என்றுதானே பரம்பரை பரம்பரையாக நினைக்கிறோம்? டெங்குவில் அந்த நேரத்தில்தான் இரத்தக் குழாயிலிருந்து நீர் வெளியே கசியும். வயிற்று நோ, நிற்காத சத்தி, கைகால் குளிர்தல், ஆறு மணித்தியாலமாகச் சலம் போகாமை, முரசிலோ மூக்கிலோ இரத்தம், பிள்ளை சோர்ந்து தூங்கித் தூங்கி விழுதல் எது கண்டாலும் உடனே ஆஸ்பத்திரி. வாகனம் இல்லையென்றால் 1990. சுவசெரிய அம்புலன்ஸ் இலவசம். இந்த மூன்றாவதைச் சொல்லும்போது ஒரு கணம் நிறுத்தி, தாயின் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள்.

சிவப்பு, கபில நிறப் பானம் கொடுக்க வேண்டாம் என்பது நான்காவதாக வரும். சத்தி எடுத்தால் இரத்தமா பானமா என்று தெரியாமல் போகும் என்பதுதான் காரணம். அதைத் துண்டில் எழுதிக் கொடுங்கள்.

படி 4: திருப்பிச் சொல்ல வையுங்கள்

முழு வழிகாட்டியிலும் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வதானால் இதை எடுத்துக்கொள்ளுங்கள்.

"விளங்கினதா?" என்ற கேள்வியை விட்டுவிடுங்கள். நமது ஊரில் வெள்ளை உடுப்புப் போட்டவரிடம் "விளங்கவில்லை" என்று சொல்வது மரியாதைக் குறைவு. சொன்னால் ஏச்சு விழும் என்ற பயமும் உண்டு. ஏச்சு விழுந்தும் இருக்கிறது. எனவே "ஓம்" என்பது அங்கே "போகலாமா?" என்பதற்கான இன்னொரு சொல்.

அதற்குப் பதிலாக இப்படிக் கேளுங்கள்: "அம்மா, நான் நிறையச் சொல்லிப்போட்டன். சரியாச் சொன்னேனோ தெரியேல்லை. வீட்டை போய் மகளிட்ட என்ன சொல்லுவீங்கள், ஒருக்காச் சொல்லுங்கோ பாப்பம்." இந்தக் கேள்வி சோதிப்பது நமது விளக்கத்தை; நோயாளியை இல்லை. அதனால் அவருக்குக் கூச்சம் வராது. மகளிடம், மனைவியிடம், பக்கத்து வீட்டு ராத்தாவிடம் சொல்வதுபோலச் சொல்லச் சொன்னால் தன் சொந்தச் சொற்களில் சொல்வார். நாம் சொன்னதை அச்சொட்டாகத் திருப்பிச் சொன்னால், அவர் மனப்பாடம் செய்திருக்கிறார் என்றுதான் அர்த்தம். இன்னொரு கேள்வி கேளுங்கள்.

பிழையாகச் சொன்னால் "இல்லை, இல்லை" என்று பாயாதீர்கள். "நான் அதைச் சரியாச் சொல்லேல்லைப் போல" என்று வேறு விதமாகச் சொல்லுங்கள். அதே வாக்கியத்தை இன்னும் சத்தமாகச் சொல்வது வேறு விதமாகச் சொல்வது ஆகாது. பிறகு திரும்பவும் கேளுங்கள்.

ஒரு நோன்பு மாதத்துக்கு முன்னால் நடந்த உரையாடல் இது. சீனி வருத்தத்துக்குக் குளிசை போடும் ஒரு உம்மா.

"உம்மா, நோன்பு நேரம் குளிசையை எப்பிடிப் போடுவீங்கள், எனக்குச் சொல்லுங்கோ."

"சஹருக்கு எழும்பி ஒண்டு, நோன்பு திறந்து ஒண்டு. டொக்டர் மாத்தி எழுதித் தந்தாரே மகள்."

"சரி. பகல்ல தலை சுத்தி, வேர்த்து, கை நடுங்கினா?"

"கொஞ்சம் படுத்திருப்பன். மஃரிபு வரைக்கும் பொறுப்பன்."

முதற் பதிலோடு நிறுத்தியிருந்தால் அவருக்கு எல்லாம் விளங்கிவிட்டது என்று எழுதியிருப்பேன். இரண்டாவது பதிலில்தான் ஆபத்து ஒளிந்திருந்தது. சீனி 70க்குக் கீழே இறங்கினால் நோன்பைத் திறந்துவிட வேண்டும் என்பது மருத்துவ வழிகாட்டல். இதை நேர்ஸ் சொல்வதைவிட மௌலவி சொன்னால் மனம் ஏற்கும். விரலில் குத்திச் சீனி பார்ப்பது நோன்பை முறிக்காது என்பதையும் அவர் வாயால் கேட்பதே நல்லது. நோன்பு தொடங்கச் சில கிழமைகளுக்கு முன்னரே பள்ளியில் இதற்கு ஒரு நேரம் ஒதுக்கிக் கேளுங்கள். கந்த சஷ்டி பிடிக்கிறவர்களுக்கும் இதே முன்னேற்பாடு வேண்டும். ஆறு நாள் பாலும் பழமும் என்று இருப்பவர் வழமையான அளவில் குளிசை போட்டால் என்ன ஆகும் என்று கிளினிக்கில் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளச் சொல்லுங்கள்.

கையால் செய்யும் வேலை என்றால் செய்தே காட்டச் சொல்லுங்கள். உள்ளிழுக்கும் கருவி, இன்சுலின் ஊசி, ஜீவனி (வயிற்றோட்டத்துக்குக் கரைத்துக் கொடுக்கும் உப்புத் தூள்) கரைப்பது எல்லாம் இதில் சேரும். ஒரு ஜீவனிப் பக்கெட்டுக்கு ஒரு லீற்றர் கொதித்தாறின தண்ணீர் என்று சொல்லிவிடலாம். வீட்டில் ஒரு லீற்றர் எதில் அளப்பது? வெறும் தண்ணீர்ப் போத்தல் ஒன்றைக் கையில் எடுத்துக் காட்டுங்கள். அரைப் பக்கெட்டை ஒரு குவளையில் கரைத்துக் கொடுக்கிற வழக்கம் இன்னும் இருக்கிறது. கரைத்ததை 24 மணித்தியாலத்துக்குப் பிறகு ஊற்றிவிட வேண்டும் என்பதையும் அந்தப் போத்தலை வைத்துக்கொண்டே சொல்லலாம்.

திருக்கடலூர் ஐயாவுக்கு நான் இரண்டாம் முறை கருவியைக் காட்டிவிட்டு, "இப்ப நீங்கள் செய்யுங்கோ" என்று கையில் கொடுத்தேன். கப்சியூலைச் சரியாகப் போட்டார், திருகினார், வாயில் வைத்தார். வைத்துவிட்டுக் கேட்டார்: "ஊதவா மிஸ், உறிஞ்சவா?"

நேரம் எங்கே என்று கேட்பீர்கள். ஒரு ஆளுக்கு ஒரு நிமிடம் கூடுதலாகப் போகும். எல்லாருக்கும் முடியாத நாளில் புது மருந்து தொடங்குபவர், மருந்து மாற்றப்பட்டவர், வார்ட்டிலிருந்து வீடு போகிறவர் ஆகிய மூன்று பேருக்காவது செய்யுங்கள்.

படி 5: மருந்து உறை

கிளினிக் புத்தகத்தில் பி.டி., டி.டி.எஸ்., மேனே, நொக்டே, எஸ்.ஓ.எஸ். என்று கிறுக்கியிருப்பது நோயாளிக்காக எழுதியதல்ல. முறையே இரண்டு நேரம், மூன்று நேரம், காலை, இரவு, தேவைப்பட்டால் மட்டும் என்று அர்த்தம். உறையில் தமிழில் எழுதுங்கள். வாசிக்காதவருக்குச் சூரியன், பாதிச் சூரியன், பிறை என்று வரைந்து, அதன் கீழே குளிசை எண்ணிக்கைக்கு வட்டம் போடுங்கள். அரைக் குளிசைக்குப் பாதி வட்டம். வரைந்து முடித்ததும் "இது என்ன?" என்று கேளுங்கள். சில பேருக்குப் பிறை நோன்பை நினைவூட்டும், இரவை இல்லை. கேட்டால்தான் தெரியும்.

பனடோலும் பரசிட்டமோலும் ஒன்றுதான் என்பதைச் சொல்லாமல் யாரையும் அனுப்பாதீர்கள். ஆஸ்பத்திரியில் கொடுத்த பரசிட்டமோல் ஒரு பக்கம், கடையில் வாங்கிய பனடோல் மறு பக்கம் என்று இரண்டையும் போட்டு ஈரலைக் கெடுத்துக்கொள்கிறவர்கள் உண்டு. வளர்ந்தவருக்கு 24 மணித்தியாலத்தில் 500 மில்லிகிராம் குளிசை எட்டுக்கு மேல் போகவே கூடாது. நிறை குறைந்தவர், ஈரல் வருத்தம் உள்ளவர் என்றால் இன்னும் குறைவு.

பாணி மருந்துக்கு "ஒரு கரண்டி" என்று சொல்லாதீர்கள். தேக்கரண்டி 5 மில்லிலீற்றர், மேசைக்கரண்டி 15. மூன்று மடங்கு வித்தியாசம். மருந்தோடு வரும் மூடியிலோ ஊசிக் குழலிலோ பேனையால் கோடு போட்டுக் கொடுங்கள்.

படி 6: இரண்டு மொழிக்கு நடுவில்

1987 முதல் தமிழும் இந்த நாட்டின் அரச கரும மொழி. நடைமுறையில் சிங்களம் மட்டும் தெரிந்த டொக்டரும் தமிழ் மட்டும் தெரிந்த நோயாளியும் சந்திக்கும் மேசை நமது மாவட்டத்தில் அன்றாடக் காட்சி. கந்தளாய், சேருவில பக்கத்தில் இது மறுவளமாகவும் நடக்கும். இரண்டு பக்கத்திலும் நல்ல மனது இருந்தாலும் நடுவில் அகப்படுவது பெரும்பாலும் பள்ளிக்கூடம் போகும் பிள்ளைதான். தாயின் மாதவிலக்குச் சிக்கலைப் பத்து வயது மகன் மொழிபெயர்க்கக் கூடாது. தாய் பாதியை விழுங்கிவிடுவார், பிள்ளை மீதியை விழுங்கிவிடும். இரண்டு மொழியும் தெரிந்த ஊழியர் ஒருவரைக் கூப்பிடுங்கள்.

மொழிபெயர்ப்பவராக நீங்கள் நிற்கும்போது ஒரு வாக்கியம், ஒரு நிறுத்தம் என்று போகச் சொல்லுங்கள். நோயாளி ஐந்து நிமிடம் சொன்னதை "நெஞ்சு நோவாம்" என்று இரண்டு சொல்லில் சுருக்காதீர்கள். நெஞ்சு நோ இடது கைக்குப் பரவுகிறது என்பது அந்த ஐந்து நிமிடத்தின் நடுவில் இருந்திருக்கும். டொக்டர் உங்களைப் பார்க்காமல் நோயாளியைப் பார்த்தே கதைக்கட்டும். திருப்பிச் சொல்லவைப்பது இங்கே இரட்டிப்பு அவசியம்.

சிங்களத்தில் "கேமட பெர" என்றால் சாப்பாட்டுக்கு முன், "கேமட பசு" என்றால் சாப்பாட்டுக்குப் பின். "உண" என்றால் காய்ச்சல். ஆஸ்பத்திரிக்குப் போகும் தமிழருக்கு இந்த மூன்று சொல்லாவது தெரிந்திருப்பது நல்லது.

படி 7: ஊரோடு கதைப்பது

"உங்கள் சுற்றாடலைச் சுத்தமாக வைத்திருங்கள்" என்று ஒலிபெருக்கியில் சொன்னால் எல்லாரும் முற்றம் கூட்டுவார்கள். டெங்கு நுளம்புக்கு முற்றத்துக் குப்பையைவிடத் தெளிந்த தேங்கு நீர்தான் வேண்டும். முட்டையிலிருந்து பறக்கும் நுளம்பாக வர ஏழு முதல் பத்து நாள் எடுக்கும். எனவே கிழமைக்கு ஒரு தடவை நீரை ஊற்றிக் கவிழ்த்தால் சங்கிலி அறும். முட்டை மட்டும் பாத்திரத்தின் சுவரில் ஒட்டிக்கொண்டு மாதக்கணக்கில் காய்ந்து கிடந்தாலும் சாகாது. அதனால் ஊற்றுவதோடு நிறுத்தாமல் உட்புறத்தைத் தேய்த்துக் கழுவ வேண்டும். இந்தக் காரணம் விளங்கினால்தான் சனம் தேய்க்கும்.

அறிவித்தலில் நாள், நேரம், பொருள் மூன்றும் இருக்கட்டும். "வெள்ளிக்கிழமை காலமை பத்து நிமிசம். குளிரூட்டிப் பெட்டியின் பின்தட்டு, பூச்சாடித் தட்டு, சிரட்டை, டயர், பீலி." கரையோர ஊர்களில் இன்னொன்றைச் சேருங்கள்: கரையில் ஏற்றி வைத்த ஃபைபர் வள்ளங்கள். வாடைக் காலத்தில் கடலுக்குப் போகாமல் கிடக்கும் வள்ளத்துக்குள் மழைநீர் நின்றால் அது ஒரு சிறு குளம். இதை ஒரு மீனவர் சொல்லித்தான் நான் அறிந்தேன். எந்தப் பிரசுரத்திலும் வள்ளத்தின் படத்தை நான் கண்டதில்லை.

பிரசுரம் அச்சடிக்க முன் ஐந்து பேரிடம் கொடுத்துப் பாருங்கள். நூறு பேர் வேண்டாம். பஸ் நிலையத்திலோ சந்தையிலோ நிற்கும் ஐந்து பேர். "இதில என்ன செய்யச் சொல்லியிருக்கு?" என்று மட்டும் கேளுங்கள். மூன்று பேர் ஒரே இடத்தில் தடக்கினால் பிழை பிரசுரத்தில். ஒரு படத்தின் மேல் சிவப்புக் குறுக்குக் கோடு போட்டால் "செய்யாதே" என்று எல்லாருக்கும் விளங்கும் என்று நினைத்தேன். "இது ஆஸ்பத்திரி அடையாளமோ?" என்றார் ஒருவர்.

எண்களைச் சொல்லும்போது சதவீதத்தை விட்டு ஆள் கணக்கில் சொல்லுங்கள். "ஆபத்து இரண்டு மடங்கு" என்றால் பயம்தான் மிஞ்சும். ஆயிரம் பேரில் ஒருவர் என்பது ஆயிரம் பேரில் இரண்டு பேர் ஆனாலும் இரண்டு மடங்குதான். ஆயிரம் பேர் என்றால் எவ்வளவு கூட்டம் என்பது திருவிழாக் கண்ட எவருக்கும் தெரியும்.

வதந்திக்கு வருவோம். டெங்குக் காலத்தில் பப்பாளி இலைச் சாறு பற்றிக் கேட்காத ஆள் இல்லை. சிரிக்காதீர்கள், ஏசாதீர்கள், பிறகு அவர் உங்களிடம் எதையும் சொல்லமாட்டார். உண்மையை முதலில் வையுங்கள்: "டெங்குவில உயிருக்கு ஆபத்து வாறது குழாயிலிருந்து நீர் கசியிறதால. அதை ஆஸ்பத்திரியில அளந்து அளந்துதான் பார்க்கலாம்." அதன் பிறகு: "பப்பாளிச் சாறு அந்தக் கசிவை நிற்பாட்டும் எண்டதுக்கு ஆதாரம் இல்லை. அதை நம்பி மூன்றாம் நாள் டெஸ்டைப் பிந்தாதீங்கோ." வதந்தியை ஒரு தடவைக்கு மேல் திருப்பிச் சொல்ல வேண்டாம், திருப்பிச் சொல்லச் சொல்ல அதுதான் மனதில் நிற்கும். பதிலைக் குரற்பதிவாக, அரை நிமிடத்துக்குள், ஊரில் தெரிந்த குரலில் அனுப்புங்கள். நீண்ட எழுத்துப் பதிவை யாரும் வாசிப்பதில்லை.

வெற்றியே சில நேரம் செய்தியை மறக்கடிக்கும். 2016இல் இலங்கை மலேரியா இல்லாத நாடாக உலக சுகாதார அமைப்பால் சான்றளிக்கப்பட்டது. அதனால் இந்தியாவுக்கோ ஆபிரிக்காவுக்கோ போய்வந்தவருக்குக் காய்ச்சல் என்றால் யாருக்கும் மலேரியா நினைவுக்கு வருவதில்லை. போய்வந்த பயணத்தை டொக்டரிடம் சொல்லுங்கள் என்ற ஒரு வரியை ஊர்க் கூட்டங்களில் சேர்த்துவிடுங்கள்.

நோயாளியோடு போகிறவர்களுக்கு

வீட்டிலிருக்கும் எல்லா மருந்தையும் ஒரு பையில் போட்டுக் கொண்டுபோங்கள். தனியார் டொக்டர் தந்தது, ஆயுர்வேதம், கடையில் வாங்கியது எல்லாம். கேட்க வேண்டியதை இரவே ஒரு துண்டில் எழுதிக்கொள்ளுங்கள், மூன்று கேள்விக்கு மேல் வேண்டாம்: என்ன வருத்தம், நாங்கள் என்ன செய்ய வேண்டும், ஏன். கடைசியில் நீங்களே தொடங்குங்கள்: "டொக்டர், நான் விளங்கினதைச் சொல்றன், சரியா எண்டு பாருங்கோ." இதைக் கேட்டு முகம் சுளிக்கும் டொக்டரை நான் அதிகம் காணவில்லை. ஒருவேளை அவசரத்தில் இருந்தால், மருந்து கொடுக்கும் இடத்தில் திரும்பக் கேளுங்கள். கிளினிக் புத்தகத்தை நனையாமல் ஒரு பிளாஸ்டிக் உறையில் வையுங்கள். அம்புலன்ஸில் ஏறும்போது முதலில் எடுக்க வேண்டியது அதுதான்.

படி 8: அடுத்த முறை எண்ணிப் பாருங்கள்

அடுத்த கிளினிக்குக்கு மருந்து உறைகளையும் கொண்டுவரச் சொல்லி, மீதிக் குளிசைகளை எண்ணுங்கள். முப்பது நாளுக்குக் கொடுத்ததில் பதினைந்து மீதி என்றால் ஏச வேண்டாம். "எந்த நேரத்துக் குளிசை தவறிப்போகுது?" என்று கேளுங்கள். பெரும்பாலும் ஒரே நேரம்தான் தவறியிருக்கும், அதற்கு ஒரு காரணமும் இருக்கும். ஒருவருக்கு மத்தியானக் குளிசை தவறியது, அவர் அந்த நேரம் கடையில் தனியே நிற்பதால். இன்னொருவர் இரவுக் குளிசையைப் போட்டால் அடிக்கடி சலம் கழிக்க எழும்ப வேண்டும், மலசலகூடம் முற்றத்தின் அந்தப் பக்கம், வெளியே இருட்டு, பாம்புப் பயம். அவருக்குத் தேவைப்பட்டது விளக்கமில்லை. சலம் போக்கும் அந்தக் குளிசையைக் காலைக்கு மாற்றி எழுதச் சொல்லி டொக்டரிடம் ஒரு வார்த்தை. கேட்ட காரணத்தைப் புத்தகத்தில் அந்த மருந்துக்குப் பக்கத்தில் ஒரு வரியில் எழுதிவிடுங்கள். அடுத்த மாதம் அந்த மேசையில் இருப்பது வேறு ஒரு நேர்ஸாக இருக்கலாம்.